கவரு வராத வருடம்

அண்ணனின் நினைவஞ்சலி விளம்பரத்தை எழுத உட்கார்ந்தபோது மதினி சொன்னார்: "இன்னும் வருசம் முடியலியே தம்பி."

நான் நாகர்கோவிலில் பத்திரிகை டெஸ்க்கில் வேலை பார்ப்பவன். தேதியில் தப்பு விடக்கூடாது என்பது அங்கே முதல் பாடம். அண்ணன் இறந்த தேதி, மயிலாடியில் செதுக்கி வாங்கிய கல்லறைக் கல்லில் இருக்கிறது. அதைச் சரிபார்த்துக் கொடுத்ததே நான்தான். வருகிற வெள்ளிக்கிழமையோடு பன்னிரண்டு மாதம் முடிகிறது. இதில் குழம்ப என்ன இருக்கிறது?

"நீங்க பேப்பர் கணக்கு சொல்லுதிய," என்றார் மதினி. "கவரு வரட்டும்."

இரவில் கடல் நீலமாக மினுங்குவதை நாங்கள் கவரு என்போம். கண்ணுக்குத் தெரியாத சிறு உயிர்கள், தண்ணீர் புரளும்போது ஒளி விடுகின்றன. அதை வைத்து நாள்காட்டி நடத்தியவர்கள் எனக்குத் தெரிந்து இரண்டே பேர்: அண்ணனும் மதினியும்.

அண்ணன் வளைகுடாவில் மீன்பிடிப் படகில் வேலை பார்த்த காலத்தில், போனில் விளையாட்டாகத் தொடங்கியது அது. மழை கழிந்து முதல் கவரு தெரிந்தால் வருடம் பிறந்துவிட்டது. அப்புறம் ஈர மணலை மிதித்தால் மினுங்கும் நாட்கள். அதற்குக் 'காலடி' என்று பெயர். அதன்பின், வாங்கிவைத்த கணவாய் மீன் சட்டியில் கிடந்தே ஒளி விடும் காலம், 'கணவாய்'. மிச்சமெல்லாம் 'இருட்டு'. அங்கே அவருடைய கடல் ஒரு நேரம் மினுங்கும், இங்கே மதினியின் கடல் வேறொரு நேரம். அவர் காலடியில் இருக்கும்போது மதினி இருட்டில் இருப்பார். அண்ணன் ஊர் திரும்பிய பிறகும் அது நிற்கவில்லை. மகளின் பிறந்தநாளைக் கவருக்கு மறுநாள் என்று வைத்தார்கள். ஒரு வருடம் இரண்டு தடவை கேக் வெட்டினோம். இன்னொரு வருடம் வெட்டவே இல்லை. பள்ளிச் சான்றிதழில் உள்ள தேதியைக் காட்டிக் கேட்டேன். "அது சர்க்காருக்கு," என்றார் அண்ணன்.

ஒரு விதியும் உண்டு. தேடிப் போய்ப் பார்த்த கவரு கணக்கில் சேராது. வேறு வேலையாக இருக்கும்போது தானாகக் கண்ணில் பட வேண்டும். இந்த விதி யாருக்காக, எதற்காக வந்தது என்று எனக்கு இன்றுவரை பிடிபடவில்லை.

அந்த மகளுக்கு இப்போது கல்யாணம் பேசியிருந்தது. பையனுக்குக் கப்பலில் வேலை. சர்ச்சில் ஆண்டுப் பூசை முடியாமல் துக்க வீட்டில் நல்ல காரியம் வைப்பதில்லை என்பதால் காத்திருந்தார்கள். அடுத்த மாதம் அவன் கப்பலேற வேண்டும், அதற்குள் நிச்சயமாவது முடியட்டும் என்று அவன் அம்மா இரண்டு தடவை போன் செய்தார். வேறு இடம் பார்ப்போம் என்று சொல்லவில்லை. ஆனால் மூன்றாவது தடவை அம்மா பேசவில்லை, அவன் பெரியப்பா பேசினார்.

மழை நீண்டு கடல் கலங்கியே கிடந்தது. கவரு வரவில்லை, அல்லது வந்ததை எங்களில் யாரும் பார்க்கவில்லை. அண்ணன் மகள் பொழுது இருட்டியதும் மீன்கழிவைக் கொட்டக் கரைக்குப் போவாள்.

"அதக் கொட்ட அரை மணிக்கூறா?" என்பார் மதினி. "நீ தேடிப் போற. சேராது கேட்டியா."

"நான் ஒண்ணும் தேடல. சும்மா நின்னேன்."

"சும்மா நிக்கதுக்குப் பேருதான் தேடுகது."

அவள் என்னிடம் திரும்பினாள். "சித்தப்பா, கவரு வந்திட்டுன்னு பேப்பர்ல போடுங்க. அம்மை நம்பட்டும்."

"ஒனக்க சித்தப்பா பேப்பர நான் மீன் பொதியத்தான் வாங்குகேன்," என்றார் மதினி.

எனக்கு விளங்கவில்லை. இந்த வருடம் கவரு வராமலே போனால், அண்ணன் இறந்து வருடமே ஆகவில்லை என்று அர்த்தமா? மதினியிடம் கேட்டேவிட்டேன்.

"அதான் எனக்கும் வெளங்கல தம்பி. அவிய இந்த வருசம் இருந்தாவ. வருசம் திரும்பிச்சின்னா போன வருசத்து ஆளு ஆயிருவாவ."



வியாழக்கிழமை பொழுது சாய்ந்த பிறகு, விளம்பரத்தைப் பற்றி முடிவாகக் கேட்கப் போனேன். மதினி அடுக்களையில் உள்ளி உரித்துக்கொண்டிருந்தார். அன்று அவர் சந்தைக்குப் போகவில்லை. மீன் வாங்கி வைத்தது மகள். நான் பேச வாயெடுத்தபோது விளக்கு அணைந்தது. போனில் வெளிச்சம் போடப் போனேன்.

"லைட் அடிக்காதிய சித்தப்பா," என்று வாசலிலிருந்து அவள் குரல் வந்தது.

கழுவும் தொட்டிக்கு அடியில் இருந்த அலுமினியச் சட்டியில் நீலமாக ஏதோ கிடந்தது. கொஞ்சம் பழகிய பிறகே அது கணவாய் என்று தெரிந்தது.

"அம்மா, கணவாய் மினுங்குது," என்றாள் அவள், செய்தி வாசிப்பதுபோல. "அப்பம் கவரும் காலடியும் நாம பாக்காமலே கழிஞ்சிட்டு."

எதிர்வீட்டில் டிவி சீரியல் ஓடிக்கொண்டிருந்தது. அந்த வீட்டில் இன்வெர்ட்டர் கிடையாது.

மதினி குனிந்து ஒரு கணவாயைத் தொட்டார். விரல் நுனியில் நீலம் ஒட்டியது. கல்யாணமான நாளிலிருந்து மீன் விற்றவர் அவர். ஐசில் வைத்து எடுத்த கணவாய் எந்த மாதத்திலும் இருட்டில் மினுங்கக்கூடும் என்பது அவருக்குத் தெரியாமலிருக்காது. எதிர்வீட்டு டிவியும் அவர் காதில் விழுந்திருக்கும்.

"வருசம் எப்பத் திரும்பிச்சு?" என்றார். யாரிடம் கேட்டார் என்று தெரியவில்லை.

விரலைச் சேலைத் தலைப்பில் துடைத்தார்.

"தம்பி, நாளைக்கே போடுங்க வெளம்பரத்த. சாமியார்ட்ட பூசைக்கும் சொல்லிருங்க. மாப்பிள வீட்டுக்குப் போன் போட்டு, ஞாயித்துக்கிழமை வரச் சொல்லுங்க."

பிறகு வாசல் பக்கம் திரும்பினார்.

"ஏட்டி, மெயினப் போடு. ஃபிரிட்ஜுல மீன் கெடக்கு."

விளக்கு எரிந்தது. சட்டியில் வெறும் வெள்ளைக் கணவாய். அவள் உள்ளே வந்து எங்கள் இருவர் முகத்தையும் பார்க்காமல் நின்றாள்.

"கவரு கழிஞ்சிட்டுன்னா ஒனக்க பொறந்தநாளும் கழிஞ்சிட்டு," என்றார் மதினி.

"ஆமா."

"செரி. கணவாயக் கழுவு."