பெருவிரல் கட்டு

பாரிஸில் ஆறு வருடம் கோப்பை கழுவியதில் எனக்கு மிஞ்சியது பிரெஞ்சு மட்டும்தான். அதுவும் சமையல்காரர்களிடம் ஏச்சு வாங்கிப் பழகிய பிரெஞ்சு. தொண்ணூறுகளின் நடுவில் நியூசிலாந்தின் ஓக்லண்டுக்கு வந்து த்ரீ கிங்ஸில் குடியிருந்தபோது அதுவே எனக்கு ஒரு வேலை எடுத்துத் தந்தது. பக்கத்திலிருந்த புக்கெகோஹி ஊரில் படம் பிடிக்க வந்த ஒரு பிரெஞ்சுத் தயாரிப்பாளருக்கு மொழிபெயர்ப்பாளர், சாரதி, எடுபிடி எல்லாம் நான்தான்.

ஐம்பது வயதுப் பெண்மணி. தயாரிப்பாளர் என்றால் கதிரையில் சாய்ந்திருந்து காசு கொடுப்பவர் என்று நினைத்திருந்தேன். மண்ணாங்கட்டி! மழை வந்தால் கூடாரம் தேடுவதும், நடிகனின் முதுகு நோவுக்கு வேறு கட்டில் பிடிப்பதும், நின்றுகொண்டு சாப்பிட மாட்டோம் என்று முறுகிய பிரெஞ்சுக்காரருக்கு மேசை இழுத்துப் போடுவதும் அவர்தான்.

படம் ஏதோ ஒரு நாட்டு யுத்தத்தைப் பற்றியது. கைதிகளாக நடிக்கப் பன்னிரண்டு ஆம்பிளைகள் வேண்டும் என்றார். ஞாயிறு பூசை முடிய, மாதா கோயில் வாசலில் நின்று எங்கள் ஆட்களைச் சேர்த்தேன். அதில் ஒருவன் மன்னார்க்காரன், காய்கறி பொதி செய்யும் இடத்தில் வேலை. அகதி விண்ணப்பம் போட்டுவிட்டு முடிவுக்குக் காத்திருந்தான். பொலிசில் ஒரு வழக்கு விழுந்தால் போதும், திருப்பி அனுப்பிவிடுவார்கள் என்று பயந்து பயந்து இருந்தவன்.

படப்பிடிப்பன்று கைதிகளின் கைகளைக் கயிற்றால் தளர்வாகக் கட்டினார்கள். பார்க்கப் பார்க்க எனக்குப் பத்திக்கொண்டு வந்தது. இதென்ன கலியாண வீட்டு விளையாட்டா? பாய்ந்துபோய் டைரக்டரைத் தள்ளிவிட்டு, நானே காட்டிக் கொடுத்தேன். கைகளைப் பின்னால் இழுத்து, இரண்டு பெருவிரல்களையும் சணல்நூலால் இறுக்கி, தலையில் உருளைக்கிழங்குச் சாக்கைப் போட வேண்டும். இலங்கையில் ஆமி முகாமில் ஒரு முழு இரவு என்னை அப்படித்தான் வைத்திருந்தார்கள். டைரக்டர் என்னைக் கட்டிப்பிடித்தான். பெரிய விண்ணன் என்ற நினைப்பு எனக்கு. உடுப்புப் பகுதி ஆட்கள் பன்னிரண்டு பேரையும் அதேபோலக் கட்டினார்கள். உங்களுக்குச் சம்மதமா என்று அவர்களிடம் யாரும் கேட்கவில்லை. நானும் கேட்கவில்லை.

கமரா ஓடியது. அதிகாரி வேடக்காரன் மன்னார்க்காரனின் விலாவில் மெல்ல ஒரு உதை விட்டான். சாக்குக்குள்ளிருந்து ஒரு சத்தம் வந்தது. அது மனிதச் சத்தமே இல்லை. எழும்பிய வேகத்தில் மன்னார்க்காரன் சாக்கோடு தலையால் அந்த நடிகனின் வாயில் இடித்தான். பல் உடைந்தது எனக்குக் கேட்டது. விழுந்தவன்மேல் விழுந்து, முகத்திலேயே திரும்பத் திரும்ப இடித்தான். சாக்கு சிவந்து ஊறியது. நாலு பேர் சேர்ந்துதான் பிரித்தோம். கமராவை ஒருவரும் நிறுத்தவில்லை.

பொலிசைக் கூப்பிடு என்று நடிகன் இரத்தம் துப்பினான். தயாரிப்பாளர் அவனை வானுக்குள் ஏற்றிக் கதவைச் சாத்தினார். அரை மணித்தியாலம். வெளியே வந்து, படியில் தடக்கி விழுந்ததாக அவன் கையெழுத்து வைத்துவிட்டான் என்றார். பிறகு என் கையில் இன்னொரு தாளைத் தந்தார். இப்போது எடுத்த காட்சியைப் படத்தில் சேர்க்க மன்னார்க்காரனின் சம்மதம் வேண்டுமாம். டைரக்டர் அதை விடமாட்டானாம். கையெழுத்துக் கிடைத்தால் பொலிஸ் பேச்சே வராது என்றார். அவர் என் முகத்தைப் பார்க்கவில்லை.

மன்னார்க்காரன் கொட்டகைக்குப் பின்னால் குந்தியிருந்தான். பெருவிரல்கள் நீலம் பாரித்து வீங்கியிருந்தன. விஷயத்தைச் சொன்னேன். தாளை வாங்கினான்.

"ஆரண்ணை உவங்களுக்கு இந்தக் கட்டைக் காட்டிக் குடுத்தது?"

"நான்தான்."

"உங்களையும் இப்பிடிக் கட்டினவங்களோ?"

"ஓம்."

"தெரிஞ்சுகொண்டோ செய்தனீங்கள்?"

பேனையை எடுத்து நீட்டினேன். அதைப் பிடிக்க முடியாமல் பிடித்துக் கையெழுத்து வைத்தான். தாளை ஒழுங்காக மடித்து என் சட்டைப் பையில் செருகினான். பிறகு என் வாயில் குத்தினான். விழுந்தேன். எழும்பினேன். திரும்பவும் குத்தினான். நான் கையைத் தூக்கவில்லை. என் கோபம் எங்கே போனதோ தெரியாது, வெட்கம் மட்டும்தான் இருந்தது.

அடுத்த வருடம் அவனுக்கு விசா கிடைத்தது. பூசையில் சமாதானம் சொல்லும்போது எல்லாருக்கும் கை கொடுப்பான். எனக்கு மட்டும் கொடுக்கமாட்டான். நானும் நீட்டுவதில்லை.