டோக்கன் அக்காவுக்கு எழுபத்திரண்டு மணி நேரம்

மதியம் ஒன்று பத்துக்கு டோக்கன் அக்கா வலது கை வளையல்களைக் கழற்றி ரப்பர் ஸ்டாம்பு டப்பாவுக்குள் போடுகிறார். கண்ணாடிச் சன்னலின் திறப்பில் ‘உணவு இடைவேளை’ அட்டையைச் சாய்த்து வைக்கிறார். அதன் மறைவில், கைப்பேசியைப் பழைய டோக்கன் கட்டு ஒன்றின் மேல் நிறுத்தி, மூக்குக் கண்ணாடியை நுனிக்கு இறக்கி, ஆள்காட்டி விரலால் ஓர் இழு இழுத்து விடுகிறார். திரையில் பச்சை மேஜையின் மேல் வெள்ளைப் பந்து ஓடுகிறது. சாப்பாட்டு டப்பா ஒன்றே முக்காலுக்குத்தான் திறக்கும். “சோறு எங்க ஓடிடப் போவுது?” என்பார்.

கண் மருத்துவமனையின் முதல் சன்னல் அவருடையது. பதினெட்டு வருடங்களாக ஒருவரிடமும் ‘என்ன தொந்தரவு’ என்று அவர் கேட்டதில்லை. “எந்தக் கண்ணு?” என்றுதான் கேட்பார். “ரெண்டும்” என்று பதில் வந்தால் ஒரு பெருமூச்சுடன் நீல டோக்கன் கிழிப்பார். சொட்டு மருந்து விட்டுக்கொண்டு பெஞ்சில் வரிசையாக உட்கார்ந்திருப்பவர்களைச் சன்னலுக்குள்ளிருந்தே மேய்ப்பதும் அவர்தான். “கண்ணை மூடிக்கங்க. திறந்தவங்களுக்கு மறுபடியும் முதல்லேர்ந்து.” அப்படியொரு விதி அந்த மருத்துவமனையில் கிடையாது. இருந்தும் யாரும் திறந்து பார்த்ததில்லை.

நிஜமான பில்லியர்ட்ஸ் மேஜையை அக்கா கண்ணால் கண்டதில்லை. இரண்டு வருடங்களுக்கு முன் காலில் கட்டுப் போட்டுக்கொண்டு ஒன்றரை மாதம் வீட்டில் கிடந்தபோது, “என் உயிரை வாங்காம இதை ஆடு” என்று மகள்தான் அந்த விளையாட்டை ஏற்றிக் கொடுத்தாள். கட்டு பிரித்த பிறகும் விளையாட்டு போகவில்லை. இப்போது அவர் ஆடுவது ஜோடிப் போட்டி. ஜோடி, அவருடைய தம்பி.

தம்பி ஊரின் மறு கோடியில் டிரைவிங் ஸ்கூல் வைத்திருக்கிறார். அக்காவுக்கும் அவருக்கும் ஆறு வருடமாகப் பேச்சு கிடையாது. தன் மகளின் கல்யாணப் பத்திரிகையைத் தம்பி நேரில் கொண்டுவராமல் போனில் மெசேஜாக அனுப்பிவிட்டார். “கூடப் பொறந்தவளுக்கு மெசேஜ்லயா பத்திரிகை? கரண்டு பில்லா நானு?” என்று அக்கா அன்றைக்கு மூடிய வாய், பிறகு திறக்கவில்லை. ஆனால் அந்த விளையாட்டு, தானாகவே அவருடைய போனில் இருந்த எண்களைத் துழாவி, ‘இவரை உங்களுக்குத் தெரிந்திருக்கலாம்’ என்று தம்பியைக் காட்டியது. தெரியாது என்று சொல்ல அதில் பொத்தான் இல்லை. ஜோடி சேர அழைப்பு தம்பியிடமிருந்துதான் வந்தது. அக்கா ஏற்றுக்கொண்டார். “ஆட்டம் வேற, பேச்சு வேற” என்று மகளிடம் தெளிவாகச் சொல்லியும் விட்டார்.

ஆட்டத்துக்குள் பேசவும் முடியாது. விளையாட்டே எழுதி வைத்திருக்கும் ஆறு வாக்கியங்களில் ஒன்றைத் தொட்டு அனுப்பலாம், அவ்வளவுதான். ‘வணக்கம்’, ‘நல்ல அடி!’, ‘பரவாயில்லை’, ‘மன்னிக்கவும்’, ‘இன்னொரு ஆட்டமா?’, ‘நாளை பார்ப்போம்’. தினம் ஒன்று பத்துக்கு வணக்கமும், ஒன்று நாற்பதுக்கு நாளை பார்ப்போமும் இரண்டு பக்கமும் தவறாமல் போய்வந்தன. கேட்டால் “எங்களுக்குள்ள பேச்சுவார்த்தையே கிடையாது” என்பார்கள் இருவரும்.

வினை ஒரு திங்கட்கிழமை வந்தது. அரையிறுதி, மூன்று ஆட்டம். கறுப்புப் பந்தைக் கடைசியில்தான் குழியில் போட வேண்டும். முன்னால் விழுந்தால் ஆட்டம் போச்சு. தம்பி முதல் ஆட்டத்தின் நடுவிலேயே அதைப் போட்டார். ‘பரவாயில்லை’ என்று அனுப்பப் போன அக்காவின் விரல் பக்கத்துக் கட்டத்தில் பட்டு, ‘நல்ல அடி!’ என்று போய்விட்டது. போனது போனதுதான், திரும்ப எடுக்க வழியில்லை. அடுத்த இரண்டு ஆட்டத்தையும் ஜெயித்து வியாழக்கிழமை இறுதிப் போட்டிக்கு வந்துவிட்டார்கள். ஆனால் தம்பி பக்கமிருந்து அப்புறம் ஒரு சத்தமும் இல்லை. அன்றைக்கு ‘நாளை பார்ப்போம்’கூட வரவில்லை.

அதே மதியம், பாதுகாப்புக்காகக் கடவுச்சொல்லை மாற்றுங்கள் என்று விளையாட்டு கேட்டது. அக்கா மாற்றினார். எங்கேயும் எழுதி வைக்கவில்லை. “எழுதி வெச்சா அது பாஸ்வேர்டா? விளம்பரம்.”

செவ்வாய்க்கிழமை ஒன்று பத்துக்கு அது மறந்துபோயிருந்தது. பெரிய எழுத்து ஒன்று, எண் ஒன்று, குறி ஒன்று வைத்தது நினைவில் இருந்தது. எந்தக் குறி என்பதுதான் தெரியவில்லை. ஐந்து தடவை தப்பானதும், ‘பாதுகாப்பு கருதி உங்கள் கணக்கு தற்காலிகமாகப் பூட்டப்பட்டுள்ளது. பதினைந்து நிமிடம் கழித்து முயலவும்’ என்று வந்தது.

“யாருகிட்டேர்ந்து பாதுகாப்பு? என்கிட்டேர்ந்தா?” என்று அக்கா திரையைக் கேட்டார்.

மாலைத் தேநீர் நேரத்தில் இன்னும் ஐந்து தடவை. இம்முறை இருபத்துநான்கு மணி நேரம். புதிய கடவுச்சொல் வாங்கலாமென்றால் அதற்கான எண் அக்காவின் பழைய சிம்முக்குப் போகும். அந்த சிம் இப்போது யாரிடம் இருக்கிறதோ. “நான் வர்ற வரைக்கும் தொடாதம்மா” என்று மகள் போனில் சொன்னாள். புதன்கிழமை மாலை பூட்டு திறந்தபோது அக்காவுக்கு ஒரு யோசனை தோன்றியிருந்தது. யோசனை ஐந்து தடவை தப்பாயிற்று. எழுபத்திரண்டு மணி நேரம் என்றது திரை. மணியும் நிமிடமும் நொடியும் சிவப்பில் இறங்கத் தொடங்கின. நோயாளி ஒருவர் “ரெண்டும்” என்றார். அக்கா பச்சை டோக்கனைக் கிழித்துக் கொடுத்தார். சொட்டு மருந்து சிஸ்டர்தான் ஓடிவந்து மாற்றினாள்.

அன்றிரவு வீட்டில் திறந்த விளையாட்டின் புகார்ப் படிவத்தில் ‘நடந்ததைச் சுருக்கமாக விளக்கவும்’ என்று இருந்தது. அக்கா இப்படி எழுதினார்: ‘ஐயா, நான் நான்தான். பாஸ்வேர்டு மட்டும்தான் மறந்தது. நாளை ஒன்று பத்துக்கு இறுதிப் போட்டி. நான் வராவிட்டால் தம்பி தப்பாக நினைத்துக்கொள்வான். திறந்துவிடவும்.’

மகள் படித்துப் பார்த்தாள். “தம்பி தப்பா நினைச்சுப்பான்னு கம்பெனிக்கு எதுக்கும்மா?”

“காரணம் கேட்டிருக்கான்ல.”

இரண்டு நிமிடத்தில் பதில் வந்தது. ‘உங்கள் பொறுமைக்கு நன்றி. பூட்டு தானாகவே திறக்கும்.’

“நான் எங்கடா பொறுமையா இருக்கேன்?” என்றார் அக்கா.

“மாமாவுக்கு ஒரு போன் போட்டுச் சொல்லிடேன். ரெண்டு நிமிஷ வேலை” என்றாள் மகள்.

“போன் போட்டா ஹலோ சொல்லணும். ஏன், அவன் முதல்ல சொல்லட்டுமே.”

“எடுக்கிறவங்கதாம்மா முதல்ல ஹலோ சொல்லுவாங்க.”

அக்கா யோசித்துப் பார்த்தார். அதில் நியாயம் இருந்தது. எனவே எழுந்து பாத்திரம் கழுவப் போய்விட்டார். அன்று ஏற்கெனவே கழுவி வைத்திருந்த பாத்திரங்களையும் சேர்த்துக் கழுவினார்.

வியாழக்கிழமை பன்னிரண்டு மணிக்குச் சன்னலில் ஒரு நிழல் விழுந்தது.

“எந்தக் கண்ணு?” என்றார் அக்கா, நிமிராமல்.

“கண்ணுக்கு ஒண்ணுமில்ல.”

குரலைக் கேட்டு நிமிர்ந்தார். தம்பிக்கு முன்தலை நரைத்திருந்தது. எங்கே நின்றாலும் வலது காலால் தரையைப் பிரேக் போல அழுத்திக்கொண்டு நிற்கும் பழக்கம் மட்டும் அப்படியே இருந்தது. அக்கா பேனாவை எடுத்துப் பெயரைக் கேட்காமலேயே எழுதினார்.

“வயசு?”

“உனக்குத் தெரியாதா?”

“சொல்றதைத்தான் எழுதணும்.”

“நாப்பத்தொம்பது.”

அக்கா நாற்பத்தெட்டு என்று எழுதினார். சரியான வயது அதுதான்.

தம்பி கண்ணாடிக்கு அருகில் குனிந்தார். “இன்னைக்கு ஃபைனல். வருவியா, மாட்டியா? அதை மட்டும் கேட்டுட்டுப் போயிடறேன். கறுப்பைப் போட்டது என் தப்புதான். அதுக்காக ‘நல்ல அடி’ன்னு குத்திக் காட்டுவியா? காட்டிட்டு ரெண்டு நாளா ஆளையே காணோம்.”

வரிசையில் பின்னாலிருந்தவர், “கொஞ்சம் சீக்கிரம் பேசுங்க” என்றார்.

அக்கா கைப்பேசியைக் கண்ணாடியோடு ஒட்டிக் காட்டினார். ஐம்பத்திரண்டு மணி நேரம் சொச்சம் சிவப்பில் இறங்கிக்கொண்டிருந்தது. தம்பி தலையைப் பின்னால் இழுத்து, கண்ணைச் சுருக்கி, ‘தற்காலிகமாக’வைக்கூட விடாமல் முழுதும் வாய்விட்டுப் படித்தார்.

“பூட்டிட்டாங்களா?”

“ஆமா.”

“கோவத்துல வரலைன்னு நெனச்சேன்.”

“கோவம் இருக்கு. அது வேற. இது பூட்டு.”

“அப்போ அந்த ‘நல்ல அடி’?”

“கை பட்டுடுச்சு. ‘பரவாயில்லை’க்குப் பக்கத்துல இருக்குல்ல?”

தம்பி மனசுக்குள் கட்டங்களை வரிசையாக அடுக்கிப் பார்த்தார். “ஆமா. பக்கத்துலதான் இருக்கு” என்று ஒப்புக்கொண்டார்.

அக்கா நீல டோக்கனைக் கிழித்து நீட்டினார். “எழுத்தைப் படிக்க ஒரு முழம் தள்ளிப் போற. வண்டி ஓட்டக் கத்துக்குடுக்கிறவன். காட்டிட்டுப் போ.”

ஒன்று பத்துக்குத் தம்பி சொட்டு மருந்தோடு பெஞ்சில் இருந்தார். அக்கா அட்டையைச் சாய்த்துவிட்டு வெளியே வந்து அவர் பக்கத்தில் உட்கார்ந்தார். தம்பியின் கைப்பேசி அவர் மடியில் இருந்தது. அவருக்கு அதில் ஒன்றும் தெரியவில்லை. அக்கா வாங்கிப் படித்துச் சொன்னார்.

“எதிர் ஜோடி வந்தாச்சு. நம்மளக் கூப்பிடுறான். அஞ்சு நிமிஷம் குடுத்திருக்கான்.”

“நீ இங்கதான இருக்க. சொல்ல முடியாதா?”

“ஆறு வாக்கியத்துல அது இல்ல.”

ஐந்து நிமிடம் போயிற்று. பிறகு அக்கா, “ஜோடி கலைக்கப்பட்டதுன்னு வந்திருக்கு” என்றார்.

“மறுபடி சேர்க்க முடியுமா?”

“தனித்தனியா பத்து ஆட்டம் ஜெயிச்சுட்டு வரணுமாம்.”

“ஜெயிப்போம்.” தம்பி அக்காவின் குரல் வந்த பக்கம் முகத்தைத் திருப்பினார். “அன்னைக்கு அந்தப் பத்திரிகைய மெசேஜ்ல அனுப்பினது…”

“கண்ணை மூடு. பேசினா திறந்துடுவ.”

தம்பி மூடிக்கொண்டார்.

படிக்கக் கண்ணாடி வேண்டுமென்றும், மாலைவரை வண்டியைத் தொடக்கூடாதென்றும் டாக்டர் சொல்லிவிட்டார். டிரைவிங் ஸ்கூல் கார் மருத்துவமனை வாசலிலேயே நின்றது. வெளியே வெயில் கண்ணாடித் தூள் போலக் கிடந்தது. பேருந்து நிறுத்தம் எதிர்ச் சாரியில். தம்பி கண்ணில் நீர் வழிய, நடைபாதை ஓரத்தில் ஒரு காலைக் கீழே வைத்துப் பார்த்து, பின்னால் இழுத்துக்கொண்டார்.

“நான் போயிக்கறேன். நீ சன்னலைப் பாரு” என்றார்.

அக்கா இடது கையால் தம்பியின் சட்டைக் கைப்பட்டையைச் சுருட்டிப் பிடித்தார். வலது கையை உயர்த்தி, வந்துகொண்டிருந்த பேருந்தை நிற்கச் சொல்லிவிட்டு, தெருவில் இறங்கினார்.