எங்கட ஆக்கள்

என் மேசையில் இருக்கும் மெய்ப்புத் தாளில் ஒரே சொற்றொடரை நான் சிவப்புப் பேனாவால் மூன்று இடங்களில் வெட்டியிருக்கிறேன். வெட்டிய ஒவ்வொன்றின் கீழும் பென்சிலால் வரிசையாகப் புள்ளிகள். ஓரத்தில், சாய்வில்லாத சிறிய எழுத்தில், ‘இருக்கட்டும்’ என்று எழுதியிருக்கிறது. அச்சுவேலை தெரிந்தவர்களுக்கு அந்தப் புள்ளிகளின் பொருள் தெரியும்: வெட்டியது தவறு, முன்பிருந்தபடியே விட்டுவிடு. புள்ளி வைத்தவர் மொழிபெயர்ப்பாளர். நான் விடவில்லை. புத்தகம் முழுவதிலும் முப்பத்தொரு இடங்களில் அவர் வைத்த புள்ளிகளைத் தாண்டி என் திருத்தமே அச்சேறியது. ஆண்டுகள் போய்விட்டன. இந்தத் தாளை எடுத்தால் இன்றும் எரிச்சல்தான் வருகிறது. அதில் அவர்மேல் எவ்வளவு, என்மேல் எவ்வளவு என்று பிரிக்கப் பார்க்கிறேன், முடியவில்லை.

மொழிபெயர்ப்பாளர் லண்டனின் மேற்கோரத்தில், ஹவுன்ஸ்லோவில் இருந்தார். ஜெர்மனியில் பல ஆண்டுகள் உணவகச் சமையலறைகளில் வேலை செய்துவிட்டு லண்டனுக்கு வந்தவர். இங்கே உள்ளூராட்சிக் கவுன்சில்களுக்கும் மருத்துவமனைகளுக்கும் துண்டுப்பிரசுரங்களைத் தமிழாக்குவது அவருடைய தொழிலாயிற்று. எந்தக் குப்பையை எந்த நிறத் தொட்டியில் போடுவது, பெனிபிட் உதவித்தொகைப் படிவத்தின் நான்காம் பகுதியை எப்படி நிரப்புவது, சத்திரசிகிச்சைக்கு முதல்நாள் எத்தனை மணிக்குப் பிறகு சாப்பிடக்கூடாது. லண்டன் தமிழர் பலர் கடைசியாகத் தமிழில் வாசித்தது அவர் எழுதியதாகத்தான் இருக்கும். ஒன்றிலும் அவர் பெயர் இல்லை. “என்ர தமிழ் எல்லாற்ற வீட்டுக் கதவுக்குள்ளாலும் போகுது. பேர் மட்டும் வாசல்ல நிக்குது,” என்று சிரிப்பார். அதனால்தான் புத்தக வேலை வந்தபோது அவர் கேட்டது ஒன்றே ஒன்று: முதல் பக்கத்தில் ‘தமிழில்’ என்று போட்டு, அதற்கு நேரே தன் பெயர். வேறு எதையும் அவர் பேரம் பேசவில்லை.

புத்தகத்தை வெளியிட முன்வந்தவர் நான் உதவி ஆசிரியராக வேலை பார்த்த தமிழ் வார இதழின் உரிமையாளர். வெம்பிளியில் நகைக்கடை ஒன்றின் மேல்மாடியில் அலுவலகம். நாடுகளை உருவாக்கியவர்களைத் தமிழருக்கு அறிமுகம் செய்யும் வரிசை ஒன்று அவர் மனதில் இருந்தது. முதல் புத்தகம், அமெரிக்காவின் தொடக்ககாலத் தலைவர் ஒருவர் லண்டன் வணிகருக்கு எழுதிய கடிதங்கள். தலைவரின் பெயரை இங்கே எழுதப் போவதில்லை. இது அவரைப் பற்றியதல்ல. மேடையில் சுதந்திரத்தைப் பேசியவர், வீட்டில் மனிதர்களை உடைமையாக வைத்திருந்தார். அவருடைய புகையிலை கப்பலில் தேம்ஸுக்கு வந்தது. இங்கிருந்து வைனும் கையுறைகளும் குதிரைச் சேணமும் போயின. கடன் ஏறிக்கொண்டே போயிற்று. கடிதங்களில் ‘அடிமை’ என்ற சொல் ஓரிடத்திலும் இல்லை. ‘மை பீப்பிள்’, என் ஆட்கள், என்றே எழுதுகிறார். மை பீப்பிளுக்குக் காய்ச்சல், அறுவடை பிந்திவிட்டது. மை பீப்பிளுக்கு முரட்டுத் துணி அனுப்பவும், மலிவானதே போதும். ஒரு தகப்பன் எழுதுவதுபோல் இருக்கும். மொழிபெயர்ப்பாளர் இதற்குப் போட்ட தமிழ்தான் நான் வெட்டியது: ‘எங்கட ஆக்கள்.’

லண்டனில் இந்த இரண்டு சொற்களையும் கேட்காமல் ஒருநாள் போகாது. எங்கட ஆக்களின்ர கடை, எங்கட ஆக்களின்ர டாக்குத்தர், அந்த வங்கியில் எங்கட ஆக்கள் வேலை செய்யினம். நம்மவர், தமிழர் என்று பொருள். சொல்லும்போது குரலில் ஒரு சூடு இருக்கும். அதே சொற்களுக்கு யாழ்ப்பாணத்துப் பெரிய வீடுகளில் இன்னொரு பொருள் இருந்தது. அது எனக்குத் தெரியாததல்ல. அந்த மெய்ப்பைத் திருத்தியபோது அது நினைவுக்கு வரவில்லை என்றுதான் பல காலம் சொல்லிக்கொண்டிருந்தேன்.

முதல் சந்திப்பையும் சொல்ல வேண்டும். பதிப்பாளர் அவரிடம் ஊர் கேட்டார். என் ஊருக்குப் பக்கத்து ஊர் என்று தெரிந்ததும் மகிழ்ச்சியோடு அடுத்த கேள்வியைப் போட்டார்: “ஊரில எவடம், அண்ணை?”

எவடம் என்றால் எந்த இடம், அவ்வளவுதான். ஆனால் அதற்கு வரும் பதிலில் ஒருவருடைய சாதி தானாக வந்துவிடும். எல்லாருக்கும் தெரியும், அதற்காகவே கேட்பார்கள். மொழிபெயர்ப்பாளர் நேராகப் பார்த்துச் சொன்னார்: “வாசிகசாலைக்குப் பின்னால.”

பதிப்பாளர் “ஓ” என்றார். பிறகு தேநீர் வந்தது. எனக்கும் பதிப்பாளருக்கும் கோப்பையில். மொழிபெயர்ப்பாளருக்கு மட்டும் கடைக் காகிதக் கப்பில். “கோப்பை ஒண்டும் கழுவேல்லை, குறை நினையாதேங்கோ,” என்றார் பதிப்பாளர். சிங்க்கின் பக்கத்தில் கழுவிய கோப்பைகள் கவிழ்ந்திருந்தன. எண்ணினேன், நான்கு. பார்த்ததைச் சரியாகக் குறித்துக்கொள்வது என் தொழில். அன்று நான் செய்ததும் அவ்வளவே.

மெய்ப்பு வந்தபோது, எழுத்துத் தமிழில் சீராக ஓடிய மொழிபெயர்ப்பில் இந்த ஒன்று மட்டும் பேச்சுத் தமிழாக நின்றது. துண்டுப்பிரசுரம் எழுதிய கை தடுக்கிவிட்டது என்று நினைத்தேன். முப்பத்தொரு இடத்திலும் வெட்டி ‘அடிமைகள்’ என்று எழுதினேன். இதழ் வேலையில் நான் கற்ற முதல் பாடம், பூசி மெழுகும் சொல்லை உள்ளே விடாதே என்பது. தாள்கள் புள்ளிகளோடு திரும்பி வந்தன. நேரில் பேசித் தீர்க்கலாம் என்று ஹவுன்ஸ்லோவுக்குப் போனேன்.

அவருடைய சமையலறை விமானங்கள் இறங்கும் வழியில் இருந்தது. சில நிமிடங்களுக்கு ஒருமுறை யன்னல் அதிரும். அவர் பாதி வாக்கியத்தில் நிறுத்துவார். விமானம் போனதும் நிறுத்திய சொல்லிலிருந்தே தொடர்வார். எனக்குத் தேநீர் தந்த கோப்பையில் ஏதோ ஒரு கவுன்சிலின் சின்னம் இருந்தது.

“அண்ணை, முழுப் புத்தகமும் எழுத்துத் தமிழ். இது மட்டும் பேச்சு,” என்றேன். “அதோட ஆர் எண்டும் விளங்காது. சொந்தக்காரர் எண்டு நினைப்பினம்.”

“நினைக்கட்டும்.”

“எப்பிடி?”

“நினைக்கட்டும், தங்கச்சி. பாதிப் புத்தகம் வரைக்கும் நல்ல மனிசன் எண்டு நினைச்சுக்கொண்டு வரட்டும். பிறகு எழுதுவான், கடன் கட்ட வழியில்லை, எங்கட ஆக்களில…” விமானம் வந்தது. அவர் காத்திருந்தார். “எங்கட ஆக்களில ஏழு பேரை விக்கிறன் எண்டு. அந்த இடத்தில வந்து விழட்டும்.”

“அப்ப முதல் பக்கத்தில ஒரு அடிக்குறிப்புப் போடுவம்.”

“குழியை வெட்டிப்போட்டுப் பக்கத்தில போர்டு நாட்டவோ? இது கவுன்சில் வேலையில்லை.”

இருவரும் சிரித்தோம். சிரித்ததால் இணங்கிவிடுவார் என்று எண்ணி நான் குரலை உயர்த்தினேன். அடிமை என்றால் அடிமைதான், அந்த ஆள் மெழுகியதற்கு நாங்கள் ஏன் துணைபோக வேண்டும் என்று கேட்டேன்.

“மெழுகினது அவன். அந்த மெழுக்குத்தான் கடிதம்,” என்றார். “நீங்கள் அதை வழிச்செடுத்துப் போட்டு, தான் என்ன செய்யிறான் எண்டு தெரிஞ்சு எழுதினவன் மாதிரிக் காட்டுறியள். நீங்கள் பிழை திருத்தேல்லை, தங்கச்சி. அவனைத் திருத்திப் போட்டியள்.”

அப்போதும் வாசகருக்கு விளங்க வேண்டும் என்பதையே வேறு வேறு விதமாகச் சொல்லிக்கொண்டிருந்தேன். கதவடியில் அவர் கேட்டார்: “உங்கட வீட்டில என்ன சொல்லுறவை?” யாரை என்று அவர் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை. “பஸ் வந்திடும், அண்ணை, வாறன்,” என்று படியிறங்கினேன். பஸ்ஸுக்கு இன்னும் பதினான்கு நிமிடம் இருந்தது.

முடிவைப் பதிப்பாளரிடம் விட்டேன். அவர் என்ன சொல்வார் என்று தெரிந்தே விட்டேன். “எங்கட ஆக்கள் வாசிக்கிற புத்தகம், தங்கச்சி,” என்றார் தொலைபேசியில். “எங்கட ஆக்கள் எண்டு போட்டால் எங்கட ஆக்களுக்கு எப்பிடி விளங்கும்?” அவர் வேடிக்கைக்குச் சொல்லவில்லை.

‘அடிமைகள்’ அச்சுக்குப் போகிறது என்று மொழிபெயர்ப்பாளருக்கு மின்னஞ்சல் அனுப்பினேன். ஒரு மணி நேரத்தில் பதில் வந்தது, நல்ல எழுத்துத் தமிழில், ஒரே வரி: ‘என் பெயரை எடுத்துவிடவும்.’ இரண்டு சொற்களுக்காக இப்படியா என்று கோபப்பட்டேன். இரண்டு நாளில் மனம் மாறுவார் என்று அச்சகத்தைக் காக்க வைத்தேன். மாறவில்லை. புத்தகம் அவர் பெயரில்லாமலே வந்தது. கேட்டது ஒன்றே ஒன்று, அதையும் அவரே அழித்துக்கொண்டார். காரணத்தை முகத்துக்கு நேரே சொல்லியிருந்தால் நான் கேட்டிருப்பேன் என்று எத்தனையோ பேரிடம் சொல்லியிருக்கிறேன். அவர் சொன்னார். பதிலாக நான் பஸ்ஸைப் பற்றிப் பேசினேன்.

புத்தகம் வந்து சில ஆண்டுகளில், அப்பா இறந்தபின் காணி உறுதிப் பத்திரம் ஒன்றைத் தேடியபோது, நான் லண்டனுக்கு வந்த புதிதில் அவர் எனக்கு எழுதிய நீல வான்கடிதங்கள் கிடைத்தன. பதினான்கு கடிதங்கள். குளிர்கால மாலைகளில் திரும்பத் திரும்ப வாசித்தவை. எங்கட ஆக்கள் வந்து கிணறு இறைச்சுப் போட்டினம். எங்கட ஆக்களுக்கு இந்த வருசம் உடுப்புக் குடுக்கேல்லை, முகத்தை நீட்டுகினம். எங்கட ஆக்களின்ர பெடியன் ஒருத்தன் வெளிநாட்டுக்குப் போட்டானாம், இனி வேலிக்கு ஆர் வரப்போகினம். அப்பா கனிவானவர், அந்தக் கடிதங்களிலும் அந்தக் கனிவு இருந்தது. ஒன்பது இடங்களில் அந்தச் சொற்கள் இருந்தன. வார்த்தையைப் பிடித்துப் பிடித்தே சம்பளம் வாங்கியவளுக்கு, ஒருமுறைகூட அதில் கண் இடறவில்லை. கிணறு இறைக்கவும் வேலி அடைக்கவும் தலைமுறையாக எங்கள் வீட்டுக்குக் கட்டுப்பட்டு வந்தவர்கள் எங்கிருந்து வந்தார்கள் என்று அப்பா எழுதவில்லை. எழுதத் தேவையும் இல்லை. பக்கத்து ஊரிலிருந்து, வாசிகசாலைக்குப் பின்னாலிருந்து.

போன மாதம் பதிப்பாளர் அழைத்தார். புத்தகத்தின் பிரதிகள் தீர்ந்துவிட்டன, மறுபதிப்புப் போடுவோம் என்றார். திருத்தம் இருக்கிறது என்றேன். பழைய மெய்ப்பை எடுத்தேன். முப்பத்தொரு இடத்தையும் மீட்டு எழுதி முடித்தபின் ஹவுன்ஸ்லோவுக்குத் தொலைபேசினேன். அதே குரல். இன்னும் அதே வேலைதான், இப்போது கணினி மொழிபெயர்த்ததைத் திருத்தித் தரச் சொல்கிறார்கள் என்றார்.

“அண்ணை, நீங்கள் எழுதினபடியே போடப்போறன். முழுக்க. உங்கட பேரோட.”

அவர் பக்கத்தில் விமானம் ஒன்று கேட்டது. அது போனபின் சொன்னார்:

“என்ர பேர் வேண்டாம், தங்கச்சி. நான் சொன்னபோது அது என்ர வேலை. இப்ப நீங்களாய் மாத்துறியள். உங்கட பேரைப் போடுங்கோ.”

“மொழிபெயர்த்தது நீங்கள் அல்லோ?”

“ஓம். ஆனா அந்தச் சொல்லு உங்கட வீட்டுச் சொல்லு. நான் கேட்டுப் பழகினது மட்டும்தான்.” குரலில் கோபம் இல்லை. தேநீர் குடிக்க ஒருநாள் வரச் சொல்லித் தொலைபேசியை வைத்துவிட்டார்.

மறுபதிப்பின் முதல் பக்கம் இப்போது அந்தப் பழைய தாளின் அருகில் இருக்கிறது. ‘தமிழில்’ என்று இருக்கிறது, எதிரே வெற்றிடம். பதிப்பாளர் மூன்று முறை கேட்டுவிட்டார். எங்கட ஆக்கள் காத்துக்கொண்டிருக்கினமாம். நேற்று அந்த வெற்றிடத்தில் பென்சிலால் என் பெயரை எழுதிப் பார்த்தேன். அவருடைய உழைப்பில் என் பெயர். எந்த ஆசிரியரும் வெட்ட வேண்டிய பொய். பிறகு பக்கங்களைப் புரட்டினேன். என் பெயருக்குக் கீழே அந்த இரண்டு சொற்களும் முப்பத்தொரு இடத்திலும் தம் இடத்தில் அமர்ந்திருந்தன. அந்தப் பெயரிலும் சரி, எங்கள் வீட்டுச் சொற்களிலும் சரி, வெட்டப் பேனா வைக்க முடியவில்லை. பக்கத்துத் தாளில் அவருடைய புள்ளிகள் மங்கிவிட்டாலும் எண்ண முடிகிறது. தாள்களை நான் இன்னும் அனுப்பவில்லை.