முகர்ந்து சாப்பிட்டவர்

அவர் ஸ்கொட்லாந்துக்காரர், மர்ம நாவல் எழுதுபவர். எண்பதுகளில் பிரெஞ்சுத் தலைநகரின் லா சப்பல் பகுதியில் நான் மதியம் சாப்பிடும் தமிழ்க் கடைக்கு அவரும் வருவார். சிவந்த நீண்ட மூக்கு. ஒவ்வொரு கவளத்தையும் முகர்ந்த பிறகுதான் சாப்பிடுவார். வாழ்நாளெல்லாம் கதைகளில் நஞ்சு வைத்தே பிழைத்ததால் வந்த பழக்கம் என்று சிரிப்பார். நான் முகத்தைத் திருப்பிக்கொள்வேன்.

ஒருநாள், கடை நடத்திய பெண்ணின் தம்பிக்கு முதல் திவசம். ஊரில் ஷெல் விழுந்து இறந்தவன். அவனுக்குப் பிடித்ததையெல்லாம் சமைத்துப் படைத்து, வந்தவர்களுக்குப் பரிமாறினாள். நான் விஷயத்தை ஆங்கிலத்தில் சொன்னதும் எழுத்தாளரின் முகம் மலர்ந்தது.

“அருமை! அடுத்த நாவலில் கொலைகாரன் இப்படியொரு விருந்தில்தான் நஞ்சு வைப்பான். செத்தவனுக்கு எந்தக் கறி பிடிக்கும்? அதில்தான் கலக்க வேண்டும். கேளுங்கள்.”

“என்னவாம் அண்ணை?” என்றாள் அவள்.

“தம்பிக்கு என்ன கறி பிடிக்குமெண்டு கேக்கிறார்.”

அவளுடைய கண்கள் நிறைந்தன.

“ஒருத்தரும் இதைக் கேக்கேல்லை அண்ணை. கத்தரிக்காய்ப் பால்கறி. வடிவாச் சாப்பிடச் சொல்லுங்கோ.”

அவருடைய தட்டில் அந்தக் கறியை அள்ளி வைத்தாள். அவர் குனிந்து அதையும் முகர்ந்து பார்த்தார்.

அந்த மூக்கை நினைத்தால் இன்றும் எனக்குச் சோறு இறங்குவதில்லை.