அணிவகுப்பில் முகம் தேடியவர்

ஜெயங்கொண்டத்தில் நான் பஸ் ஏறியதும் மங்கையர்க்கரசியின் தம்பி போனில் அழைத்தார். "அக்கா போயிட்டாங்க மேடம்" என்றார். அரியலூரில் எல்லோரும் இறங்கிய பிறகும் உட்கார்ந்தே இருந்தேன்.

இந்த அஞ்சலியைப் படிக்கும் நீங்கள் மங்கையர்க்கரசியை வரலாற்றுப் பேராசிரியராக அறிவீர்கள். அதே கல்லூரியில் வேதியியல் நடத்தும் எனக்கு, மதிய இடைவேளையில் ஊமைப்படங்கள் காட்டிய தோழி. ஒரு நூற்றாண்டுக்கு முன் எடுத்த துண்டுப் படங்கள்: இங்கிலாந்து மன்னர் குதிரையில் வருவார், படைகளைப் பார்வையிடுவார், யாருக்கோ பதக்கம் குத்துவார். "ராஜாவ எல்லாரும் பாத்தாச்சு. பின்னால நிக்கிறவங்களப் பாருங்க" என்பார். முதல் உலகப் போருக்குப் போய்த் திரும்பாத நம் பக்கத்து ஆட்களில் ஒருவராவது அவற்றில் இருப்பார் என்று நம்பினார்.

அதைக் கேள்விப்பட்டு வேப்பந்தட்டைப் பக்கமிருந்து ராமசாமி என்ற வயதான விவசாயி வந்தார். அவருடைய தாத்தா அந்தப் போரில் காணாமல் போனவர். வீட்டில் ஒரு படம்கூட இல்லை. ஓடிய படத்தில் ஒரு சிப்பாயைக் கண்டதும் எழுந்துவிட்டார்.

"எங்க அப்பா ஜாடை அப்படியே இருக்கும்மா! இவருதான். ஒரு போட்டோ எடுத்துக் குடுங்க, வூட்ல மாட்டிக் கும்புடுறோம்."

மங்கையர்க்கரசியின் முகம் வாடியது. அது பஞ்சாபிலிருந்து போன படை. நான் மங்கையர்க்கரசியை வராந்தாவுக்கு அழைத்துப்போய், "ஆமான்னு சொல்லிடுங்களேன், யாருக்கு என்ன நஷ்டம்?" என்றேன்.

"அந்த முகத்த வேற ஏதோ ஊர்ல ஒரு குடும்பம் தேடிட்டிருக்கும். அதை எடுத்து இவருக்குக் குடுக்க நான் யாரு?" என்றார்.

உள்ளே போய் உண்மையைச் சொன்னார். ராமசாமி துண்டால் முகத்தை அழுந்தத் துடைத்துக்கொண்டார். "அப்ப அவரு இல்லீங்களா?" என்று ஒருமுறை கேட்டார். பிறகு, "யாரு பெத்த புள்ளையோ. இன்னொரு தடவ போடுங்கம்மா" என்றார். மூவரும் மறுபடி பார்த்தோம்.

அடுத்த வருடம் ராமசாமி இறந்தார். துக்கம் கேட்கப் போய்த் திரும்பும்போது, "பொய் சொல்லியிருக்கலாமோ?" என்று மங்கையர்க்கரசி கேட்டார். அதற்குள் அவருக்குப் புற்றுநோய் வந்துவிட்டது. திருச்சி ஆஸ்பத்திரிக் கட்டிலிலும் போனில் படங்களை நிறுத்தி நிறுத்திப் பார்த்துக்கொண்டிருந்தார். தேடிய முகம் கடைசிவரை கிடைக்கவில்லை.

அவருடைய தேடலைத் தொடரும் படிப்பு எனக்கில்லை. ஆறுதலுக்காகக்கூட இன்னொரு குடும்பத்தின் இறந்தவரை எடுத்துக் கொடுக்கத் துணியாத அந்த மனம், அதற்காக அவர் பட்ட வேதனை, இரண்டையும் என்னோடு வைத்துக்கொள்கிறேன்.