லோன் தீரட்டும்

எங்கள் வீட்டில் எல்லா ஆசைகளுக்கும் ஒரே பதில்தான் இருந்தது. சைக்கிள் கேட்டால், லோன் தீரட்டும். பழனிக்குப் போகலாமா என்றால், லோன் தீரட்டும். பூனைக்குட்டி வளர்க்கட்டுமா என்று கேட்டதற்கும் அம்மா ஏதோ யோசனையில் அதையேதான் சொன்னாள். பூனைக்கும் வங்கிக்கும் என்ன சம்பந்தம் என்று நான் கேட்கவில்லை. ஓணம், தீபாவளி போல லோன் தீர்வதும் ஒரு பண்டிகை, காலண்டரில் அச்சடிக்க மட்டும் மறந்துவிட்டார்கள் என்று நினைத்துக்கொண்டிருந்தேன்.

மட்டாஞ்சேரியில் சுக்கு, மிளகுக் கிடங்குகளின் பின்பக்கமாகப் போகும் சந்து ஒன்றில் எங்கள் வீடு இருந்தது. இரண்டு அறைகள், ஓர் அடுக்களை, தலைக்கு மேலே ஓடு. அப்பா அந்தக் கிடங்குகள் ஒன்றில் எடை போடுகிறவர்களுக்கு மேற்பார்வையாளர். மாலையில் அவர் வருவதற்கு முன்பே மிளகு வாசனை வீட்டுக்குள் வந்துவிடும். நான் பிறப்பதற்கு நான்கு வருடம் முன்பு, பன்னிரண்டு வருடத் தவணையில் கடன் எடுத்து அந்த வீட்டை வாங்கியிருந்தார். எங்கள் குடும்பம் கொச்சிக்கு வந்து மூன்று தலைமுறை ஆகியும் சொந்தமாக வீடு வாங்கிய முதல் ஆள் அவர்தான்.

அந்த வீட்டுச் சுவரில் ஆணி அடிக்கக் கூடாது. அது அப்பாவின் சட்டம். "இது இன்னும் பேங்கோட சுவர், மோளே" என்பார், மகளே என்பதை மலையாளத்தில் சொல்லி. காலண்டர் ஜன்னல் கம்பியில் தொங்கியது. தாத்தாவின் படம் நாற்காலியில் சாய்ந்து உட்கார்ந்திருந்தது. விருந்தாளிகள் வந்தால் தாத்தா எழுந்து இடம் கொடுக்க வேண்டியிருக்கும். அம்மாவுக்கு அடுக்களையில் ஒரு ஜன்னல் வேண்டும் என்று ஆசை. மீன் பொரிக்கும்போது புகை போக வழியில்லாமல் கண்ணைக் கசக்கிக்கொண்டே வெளியே வருவாள். அதற்கும் அப்பாவிடம் அதே பதில்தான். பிறத்தியார் சுவரை இடிக்க அவருக்கு மனசாட்சி இடம் கொடுக்கவில்லை.

அப்பாவுக்கு ஒரு பெருமை உண்டு. கிடங்கில் வேலை செய்கிற வேறு சிலரும் கடனில் வீடு வாங்கியிருந்தார்கள். அவர்களில் ஒன்றிரண்டு பேருக்கு நடுவில் தவணைத் தொகை கூடிப்போனது. அப்பாவுக்கு முதல் மாதம் எவ்வளவோ அதேதான் கடைசிவரை. "நான் ஒரு மாசமும் தவணையை மொடக்கினதில்ல, அதான் எனக்குக் கூட்டல" என்பார். ஒழுங்காக நடப்பவனை வங்கி மதிக்கிறது என்று அவர் உண்மையாகவே நம்பினார். நானும் நம்பினேன்.

இதையெல்லாம் ஒப்புக்கொள்ளாத ஒரே ஆள் அத்தை. அப்பாவின் அக்கா. கொச்சியிலேயே தேவராவில் வாடகை வீட்டில் இருந்தாள். வரும்போதெல்லாம் நாற்காலியில் இருக்கும் தாத்தாவைத் தூக்கிக் கட்டிலில் வைத்துவிட்டு உட்கார்ந்து, "ஆணி அடிக்க முடியாத வீட்டுக்கு இத்தனை வருஷம் பணம் கட்டுறியேடா, நான் வாடகை குடுத்துட்டு ஹாயா இருக்கேன்" என்பாள். அப்பா சிரித்துக்கொள்வார்.

எனக்கு எட்டு வயதானபோது அந்தப் பன்னிரண்டு வருடம் முடிந்தது. கடைசித் தவணையைக் கட்டிய மாதமே அப்பா ஒரு ஞாயிற்றுக்கிழமையைக் குறித்துவிட்டார். குடிவந்த அன்று பால் காய்ச்சியது கணக்கில் சேராதாம். வீடு நம்முடையதாகும்போது காய்ச்சுவதுதான் கணக்காம். கிடங்கு ஆட்களையும் சந்துக்காரர்களையும் அத்தை குடும்பத்தையும் இலை போட்டுச் சாப்பிடக் கூப்பிட்டார். வெள்ளிக்கிழமை அரை நாள் லீவு சொல்லி, கஞ்சி போட்ட வெள்ளை முண்டு உடுத்தி, வங்கிக்காரர்களுக்கு ஒரு பெட்டி லட்டு வாங்கி, வீட்டுப் பத்திரத்தைத் திரும்ப வாங்கப் புறப்பட்டார். என்னையும் அழைத்துப் போனார். பத்திரத்தை வைக்கப் புது துணிப்பை ஒன்று என் தோளில் தொங்கியது.

மேனேஜர் ஒரு பெண். லட்டை வாங்கிக்கொண்டு, என்ன விசேஷம் என்று சிரித்தபடி கேட்டார். அப்பா சொன்னார். அவர் கணினியைப் பார்த்தார். சிரிப்பு அப்படியே நின்றது. லட்டுப் பெட்டியை மெல்ல மேஜை நடுவுக்கு நகர்த்தினார்.

"சேட்டா, லோன் தீர்ந்திட்டில்லல்லோ. இன்னும் மூணரை வருஷம் உண்டு."

அப்பா சிரித்தார். வேறு யாருடைய கணக்கையோ பார்த்துவிட்டுச் சொல்கிறார் என்று நினைத்தார் போலும். "நான் ஒரு மாசம்கூட மொடக்கலை மேடம்."

"முடக்கலை, சரிதான். ஆனா வட்டி கூடியல்லோ நடுவுல. உங்க தவணை கூடியிட்டுண்டோ?"

"இல்ல."

"அப்போ கூடின வட்டி எங்கே போச்சு? காலத்துல போச்சு."

அவர் பொறுமையாக விளக்கினார். வட்டி ஏறியபோது, தவணையைக் கூட்டவா, காலத்தை நீட்டவா என்று வங்கியில் கேட்டிருக்கிறார்கள். தவணை கூடக் கூடாது என்று அப்பாதான் கையெழுத்துப் போட்டிருக்கிறார். ஒவ்வொரு மாதமும் கட்டுகிற பணம் முதலில் வட்டிக்குப் போகும், மிச்சம்தான் அசலுக்கு. தொடக்க வருடங்களில் அசல் பெரிதாக இருக்கும், அதனால் கட்டுவதில் பெரும்பகுதியை வட்டியே தின்றுவிடும். இதுவரை கட்டியதில் பாதிக்கு மேல் வட்டிதான். எல்லாம் முடியும்போது, வாங்கிய கடனைப் போல ஏறக்குறைய இரண்டு மடங்கு கட்டியிருப்பார்.

அப்பா விரல் விட்டு எண்ணிப் பார்த்தார். பிறகு, "அப்போ ரெண்டு வீடு வாங்கியிருக்கேன்" என்றார். மேனேஜர் பெட்டியைத் திறந்து என் கையில் ஒரு லட்டைக் கொடுத்தார். வழியில் அதைத் தின்றுகொண்டே வந்தேன். இரண்டு வீடு என்றால் இன்னொன்று எங்கே இருக்கிறது என்று கேட்க நினைத்தேன். அப்பாவின் முகத்தைப் பார்த்துவிட்டுக் கேட்கவில்லை.

அம்மா அடுக்களையில் விருந்துக்கு வறுத்து வைக்கத் தேங்காய் துருவிக்கொண்டிருந்தாள். அப்பா வாசற்படியிலேயே நின்று சொன்னார். அம்மா துருவுவதை நிறுத்தவில்லை. முழு மூடியும் முடிந்த பிறகுதான் தலையைத் தூக்கினாள்.

"கூப்பிட்டவங்க வரட்டும். சாப்பாட்டுக்கும் லோனுக்கும் என்ன?"

ஞாயிற்றுக்கிழமை எல்லோரும் வந்தார்கள். பால் பொங்கியது. சந்தில் பாய் விரித்து இலை போட்டார்கள். யாரிடமும் ஒன்றும் சொல்லக் கூடாது என்று அம்மா என்னிடம் கண்டிப்பாகச் சொல்லியிருந்தாள். சொல்லிவிடுவேனோ என்ற பயத்தில் நான் வாய் நிறைய அப்பளத்தை அடைத்துக்கொண்டிருந்தேன். கிடங்கு ஆள் ஒருவர், "பத்திரம் எங்கே, கண்ணுல காட்டக் கூடாதா?" என்று உரக்கக் கேட்டார்.

"பத்திரம் பேங்க்ல பத்திரமா இருக்கு" என்றாள் அம்மா, சாம்பார் ஊற்றியபடியே. எல்லோரும் சிரித்தார்கள். அவள் சொன்னதில் ஓர் எழுத்துகூடப் பொய்யில்லை.

அதோடு முடிந்திருக்கும். ஆனால் அத்தை கை கழுவிவிட்டு வந்து தன் பையிலிருந்து ஒரு பொட்டலத்தை எடுத்தாள். பித்தளைப் பெயர்ப்பலகை. மேலே தாத்தாவின் பெயர், கீழே அப்பாவின் பெயர், தமிழிலும் மலையாளத்திலும் வெட்டியிருந்தது. இரண்டு ஆணியும் ஒரு சுத்தியலும்கூடக் கொண்டுவந்திருந்தாள். இத்தனை வருடம் கேலி செய்த அத்தை, கண் கலங்க அதை அப்பாவின் கையில் வைத்து, "அடிடா தம்பி, எல்லாரும் பார்க்க அடி" என்றாள்.

அப்பா பலகையைக் கையில் வைத்துப் பார்த்தார். ஆணியைச் சுவரில் வைக்கவும் வைத்தார். சுத்தியலை ஓங்கவில்லை.

"அக்கா, அடிக்க முடியாது. லோன் தீரலை. இன்னும் மூணரை வருஷம் இருக்கு. எனக்கே முந்தாநாள்தான் தெரியும்."

இலை முன்னால் உட்கார்ந்திருந்தவர்கள் பாயசத்தில் கையை வைத்தபடி அப்படியே இருந்தார்கள். அப்பா, வங்கியில் கேட்டதை எல்லோருக்கும் சொன்னார். வட்டி கூடியது, தவணை கூடாதது, காலம் நீண்டது, எதையும் மறைக்கவில்லை. நான் அத்தையைப் பார்த்தேன். இப்போது ஏதாவது சொல்லி அப்பாவை அழ வைத்துவிடுவாள் என்று பயந்தேன்.

"மூணரைதானே?" என்றாள் அத்தை. "நான் கல்யாணமான நாள்லருந்து வாடகை குடுக்கிறேன். அந்த வீட்டுல ஒரு ஓடாவது என்னுதா? ஹாயா இருக்கேன், ஹாயா இருக்கேன்னு சொன்னதெல்லாம் பொறாமைடா. அந்த வாடகை வீட்டுல அடிக்க முடியாத ஆணி, உன் வீட்டுலயாவது அடிக்கலாம்னுதான் வந்தேன்."

சொல்லிவிட்டு, பாயசம் ஆறுகிறது, சாப்பிடுங்கள் என்று எல்லோரையும் அதட்டினாள். அதற்குப் பிறகு யாரும் வெறுமனே சாப்பிடவில்லை. கடனில் வீடு வாங்கிய கிடங்கு ஆட்கள் இருவர் அப்பாவுக்கு இரண்டு பக்கமும் வந்து உட்கார்ந்து, தங்கள் தவணையும் கூடவில்லையே, அப்படியென்றால் என்ன அர்த்தம் என்று கவலையாகக் கேட்டார்கள். அப்பா பாயச வாளியை வைத்துக்கொண்டு அவர்களுக்கு வட்டி, அசல் எல்லாம் விளக்கினார். இரண்டு நாள் முன்பு தெரிந்துகொண்ட விஷயத்தைப் பரம்பரையாகத் தெரிந்தவர் மாதிரி பேசினார். போகும்போது அவர்கள் வந்தபோது இருந்ததைவிடச் சோர்வாகப் போனார்கள். அப்பா கொஞ்சம் தெம்பாகத் தெரிந்தார்.

மறுநாள் காலை அம்மா நல்ல சேலை உடுத்திக்கொண்டு நின்றாள். தானும் வங்கிக்கு வருவதாகச் சொன்னாள். "காலத்துல போச்சுன்னா என்னன்னு நானே கேட்கணும்" என்றாள். பள்ளிக்கூடத்துக்கு அனுப்ப மறந்துபோய் என்னையும், தோளில் அதே துணிப்பையோடு, கூட்டிக்கொண்டு போனார்கள்.

அம்மா மேனேஜரிடம் நேராக விஷயத்துக்கு வந்தாள். இந்த மூன்றரை வருடத்தைக் குறைக்க வழி உண்டா? உண்டு என்றார் அவர். தவணையைக் கொஞ்சம் கூட்டலாம். ஓணத்துக்குக் கிடைக்கிற போனஸைக் கொண்டுவந்து அசலில் கட்டலாம். இதை முதல் வருடங்களிலேயே செய்திருந்தால் எப்போதோ தீர்ந்திருக்கும் என்று சொல்ல வந்தவர், அம்மாவின் முகத்தைப் பார்த்துப் பாதியில் நிறுத்திக்கொண்டார். அம்மா தலையாட்டிவிட்டு இன்னொன்று கேட்டாள்.

"லோன் தீராம நாங்க அடுக்களைச் சுவத்துல ஒரு ஜன்னல் வச்சா பேங்க் என்ன செய்யும்?"

மேனேஜருக்குப் புரியவில்லை. "ஜன்னலோ? வீட்டை இடிச்சுத் தள்ளாத வரைக்கும் எங்களுக்கென்ன சேச்சி? நீங்க ஜன்னல் வைங்க, பெயின்ட் அடிங்க. அதுக்கெதுக்கு எங்கள்ட்ட கேக்கணும்?"

அம்மா அப்பாவைத் திரும்பிப் பார்த்தாள். எவ்வளவு வட்டி போனது என்று தெரிந்தபோது அசையாதவள், அப்போது சேலைத் தலைப்பால் கண்ணைத் துடைத்தாள். பன்னிரண்டு வருடப் புகை. அப்பா மேஜையைப் பார்த்துக்கொண்டிருந்தார். ஜன்னல் கிடைக்கப்போகிறதே, அம்மா ஏன் சந்தோஷப்படவில்லை என்று எனக்கு விளங்கவில்லை.

அந்த நேரம் மேனேஜர் கணினியில் வேறொன்றைக் கண்டுபிடித்தார். அப்பாவுக்கு அதே வங்கியில் ஒரு நிரந்தர வைப்புக் கணக்கு இருந்தது. என் பெயரில். நான் பிறந்த வருடத்திலிருந்து ஒவ்வோர் ஓணத்துக்கும் கிடைத்த போனஸை அப்பா அதில் போட்டுவந்திருக்கிறார். அம்மாவுக்கே அது அன்றுதான் தெரிந்தது.

"இதை எடுத்து லோன்ல கட்டுங்க சேட்டா. ரெண்டு வருஷம் குறையும்" என்றார் மேனேஜர். "நாங்க இதுக்குத் தர்ற வட்டியைவிட நீங்க லோனுக்குத் தர்ற வட்டி எவ்வளவோ கூடுதல். வச்சிருக்க வச்சிருக்க நஷ்டம்."

அப்பா இந்த முறை ஒவ்வொன்றாகக் கேட்டார். எடுத்தால் எவ்வளவு மிச்சம், எடுக்காவிட்டால் எவ்வளவு போகும். மேனேஜர் ஒரு தாளில் எழுதிக் காட்டினார். அப்பா அதை இரண்டு தடவை கூட்டிப் பார்த்தார். கிடங்கில் எடை பார்க்கிறவரின் கண் அது, தப்பாது.

"புரிஞ்சுது மேடம்" என்றார். "இனிமேல் வர்ற போனஸ் லோனுக்கு. இது இருக்கட்டும். இது மோளோடது."

"எல்லாம் பணம்தானே சேட்டா?"

"பணம்தான். ஆனா இது மோளோடது."

வெளியே வந்தோம். கடைத்தெருவில் அரிசி மூட்டை ஏற்றிய கைவண்டிகள் ஒன்றன் பின் ஒன்றாகப் போய்க்கொண்டிருந்தன. அம்மா வேகமாக முன்னால் நடந்தாள். கோபம் என்று எனக்கு நிச்சயமாகத் தெரிந்தது. ஜன்னலை மறுத்தவர், பணம் இருந்தும் மறைத்தவர், இப்போது அதையும் எடுக்க மாட்டேன் என்கிறவர். வீட்டுக்குப் போனதும் பெரிய சண்டை வரும் என்று நான் கணக்குப் போட்டேன்.

அப்பா எட்டி நடந்து அம்மாவுக்குப் பக்கத்தில் வந்தார். "நான் செஞ்சது தப்பா?" என்று மெதுவாகக் கேட்டார்.

"தப்புதான்" என்றாள் அம்மா. "நல்லாப் புரிஞ்சுக்கிட்டே செஞ்ச தப்பு."

அப்பா நடுத்தெருவில் நின்றார். எதிரே ஒரு கைவண்டி வேகமாக வந்தது. அம்மா அப்பாவின் மணிக்கட்டைப் பிடித்து ஓரத்துக்கு இழுத்தாள். வண்டி போய்விட்டது. அதற்குப் பிறகும் அவள் கையை விடவில்லை. அந்தக் கூட்டமான தெருவில், தெரிந்தவர்கள் எல்லாம் பார்க்க, கிடங்குகளைத் தாண்டி எங்கள் சந்து முனைவரை அப்படியே பிடித்துக்கொண்டு நடந்தாள். நான் பின்னால் வெறும் துணிப்பையோடு போனேன். தப்புச் செய்தவர் என்று தானே சொன்ன ஆளை ஏன் அப்படிப் பிடித்துக்கொண்டு போகிறாள், அதுவும் என் கையைப் பிடிக்க மறந்துவிட்டு, என்று எனக்குக் கொஞ்சம் கோபமாகக்கூட இருந்தது.