வாசலில் ஊற்றாத தண்ணீர்

ஊரைவிட்டு வெளிநாட்டுக்கு வந்து, மவுண்ட் ஆல்பர்ட்டில் நானும் மகளும் வாடகைக்கு இருந்த பழைய பலகை வீட்டின் பின்பாதியில் ஓர் ஈரான்காரர் இருந்தார். தொண்ணூறுகளின் நடுப்பகுதி அது. தன் நாட்டில் படங்களுக்குக் கதை எழுதி, தானே நடித்தும் வந்தவர். பிறகு எழுதவேண்டாம் என்று தடுத்துவிட்டார்களாம். இங்கே கார் கழுவினார். கழுவிவிட்டு வந்து, விறைத்த கையாலேயே எழுதுவார். நான் எழுத்துக்கூட்டி வாசிக்கிறவள். என்றாலும் மனசு வைத்து எழுதுகிறவரைப் பார்த்தால் எனக்குத் தெரியும்.

ஐந்து வருடமாக எழுதிய கதையைப் படமாக்கச் சிநேகிதர்கள் நாலு பேர் சும்மா வந்து உதவினார்கள். இரவல் கமெரா, இரண்டு நாளைக்குத்தான். நாட்டை விட்டுப் போகிற மகனாக அவர், வழியனுப்புகிற தாயாக நான்.

"நரைச்ச தலையோடை எனக்கு மகனாமோ? அப்ப எனக்கு எத்தினை வயசாம், கேள்!" என்றேன் மகளிடம்.

அவள் ஆங்கிலத்தில் கேட்டுவிட்டுச் சிரித்தாள். "தான் மை பூசுறாராம் அம்மா. உங்களுக்கு ஒண்டும் பூசத் தேவையில்லையாம்."

சொன்னபடி எல்லாம் செய்தேன். என் நடையைப் பார்த்து அவர் கைகூப்பினார். எனக்குப் பெருமைதான். கடைசிக் காட்சி வாசலில். அவர் பெட்டியோடு படியிறங்கினார். என் கையில் ஒரு கிண்ணம் தண்ணீர். அதை அவருக்குப் பின்னால் ஊற்றவேண்டுமாம்.

"மாட்டன்."

"அம்மா, போறவர் திரும்பி வரவேணுமெண்டு அவையின்ர நாட்டிலை அப்பிடி ஊத்துறவையாம்."

"எங்கட வாசலிலை சவம் வெளிக்கிட்ட பிறகுதான் தண்ணி ஊத்திக் கழுவுறது. உயிரோடை போற பிள்ளைக்குப் பின்னாலை நான் ஊத்தமாட்டன்."

"நடிப்புத்தானே அம்மா!"

நடிப்புத்தான். ஆனால் சண்டை நடந்த வன்னியில் இருந்த என் மகனிடமிருந்து எட்டு மாதமாகக் கடிதம் இல்லை. கிண்ணத்தைப் படியில் வைத்துவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்தினேன். அவர் இரண்டு தரம் தட்டினார். பிறகு வெயில் இறங்கிவிட்டது. அடுத்த நாள் கமெராவும் போய்விட்டது.

கடைசிக் காட்சி இல்லாத அந்தப் படத்தை, அனுப்பிய இடமெல்லாம் திருப்பி அனுப்பினார்கள். சிநேகிதர்கள் கலைந்தார்கள். அவரும் புக்கெகோஹி என்ற தோட்ட ஊருக்கு, வெங்காயம் சாக்கில் போடுகிற வேலைக்குப் போய்விட்டார்.

இரண்டு வருடம் கழித்து அங்கே காய்கறி வாங்கப் போனபோது அவரைக் கண்டேன். அதற்குள் என் மகன் இல்லை என்ற செய்தி வந்திருந்தது. மன்னிப்புக் கேட்டுப் பழகாத வாய் என்னுடையது.

"திரும்ப எடுப்பமோ எண்டு கேள் பிள்ளை. இனி எனக்குப் பயமில்லை, ஊத்துறன்."

மகள் கேட்டாள். அவர் சாக்கின் வாயைக் கட்டிக்கொண்டே பதில் சொன்னார்.

"இப்ப எழுதுறேல்லையாம் அம்மா. எடுத்ததையும் எறிஞ்சுபோட்டாராம்."

நான் குனிந்து வெங்காயம் பொறுக்கினேன், நல்லது கெட்டது பார்க்காமல்.